நாற்பது திருடரும் ஓர் அடிமைப் பெண்ணும்

அலிபாபாவின் கதையைச் சிறுவர்க்குரிய வேடிக்கைக் கதையென ஒதுக்கிவிடுவது எம்மவரிடையே வழக்கமாகிவிட்டது. முற்போக்கு எண்ணமுடையோரிலும் சிலர், மந்திரமும் மாயமும் வருமிடமெல்லாம் யதார்த்தத்துக்குப் பகையென்று முகஞ்சுழிப்பதுண்டு. இது பொருந்தாது என்பதே எமது கருத்து. ஒரு கதையில் மந்திரம் உண்டா, இல்லையா என்பதன்று வினா. அம்மந்திரம் யார் கையில் இருக்கின்றது, அதனாற் பயனடைவோர் யாவர் என்பதே வினாவாகும்.

கதையை நோக்குவோம். வழிப்பறி செய்து திரியும் நாற்பது திருடர் தாம் கொள்ளையிட்ட பொருளை ஒரு குகையிற் குவித்து வைக்கின்றனர். அக்குகைக்குப் பூட்டுமில்லை, காவலாளுமில்லை. ஒரு சொல்லே காவல். எள் என்னும் எளிய தானியத்தின் பெயரே அச்சொல்லில் அமைந்துள்ளது. விறகுவெட்டிப் பிழைக்கும் அலிபாபா மரத்தின்மேல் ஒளிந்திருந்து அதனைக் கேட்டுக்கொள்கிறான். செல்வனான அவன் சகோதரன் காசிமோ, குகைக்குட் புகுந்து பொன்னைக் கண்டதும் எள்ளை மறந்துவிடுகிறான். வாற்கோதுமை முதலிய வேறு தானியங்களின் பெயரைச் சொல்லிக் கூவியும் கதவு திறவாமல், திருடர் கையில் அகப்பட்டு மாள்கிறான்.

ஆயினும் கதையின் உயிர்நிலை இதற்குப் பின்னரே வருகின்றது. அலிபாபாவின் வீட்டைக் கண்டறிந்த திருடன் ஒருவன் அதன் கதவில் வெண்கட்டியால் ஒரு குறி இடுகிறான். அவ்வீட்டின் அடிமைப் பெண்ணான மார்ஜியானா அதனைக் காண்கிறாள். அவள் அக்குறியை அழித்துவிடவில்லை. அதே குறியை அயலவர் கதவுகளிலும் இட்டுவிடுகிறாள். மறுமுறை வேறொருவன் சிவப்புக் குறி இடுகிறான். அதற்கும் அதே கதி நேர்கின்றது. குறியிட்ட இருவரும் தம் கூட்டத்தாராலேயே கொல்லப்படுகின்றனர்.

இங்கே நாம் ஆழ்ந்து சிந்தித்தல் வேண்டும். இரகசியக் குறி எதுவாயினும், சிலருக்கே உரியதாய் இருக்கும்வரைதான் அதற்கு வலிமை உண்டு. பலருக்கும் பொதுவாகிய கணமே அது வெறும் வெண்கட்டிக் கோடாகிவிடுகின்றது. எழுத்தும் ஏடும் சிலரின் தனியுடைமையாய் இருந்த காலங்களின் வரலாற்றை அறிந்தோர்க்கு இதனை விரித்துரைக்கத் தேவையில்லை. ஏட்டறிவற்ற அடிமைப் பெண்ணொருத்தி இவ்வுண்மையைச் செயலாற் காட்டுகிறாள் என்பதே இக்கதையின் பெருமை.

ஆனால் இவ்வுண்மையை இறுதிவரை கொண்டுசெல்லக் கதை துணியவில்லை. திருடர் மாண்டபின் மந்திரச் சொல் ஊராருக்கு உரியதாகவில்லை. அலிபாபாவின் மகனுக்கும் அவன் சந்ததிக்கும் முதுசமாகின்றது. மார்ஜியானாவுக்கு விடுதலையும் அம்மகனோடு திருமணமும் கிடைக்கின்றன. நாம் இக்கதையை வகுப்பிற் கூறியபோது மாணவி ஒருத்தி எழுந்து, "பறிகொடுத்த ஆக்களுக்கு ஒண்டும் திருப்பிக் குடுக்கேல்லையா, சேர்?" என்று கேட்டாள். கதை அதற்கு விடை தரவில்லை. அந்த மௌனமே இக்கதையின் வர்க்கச் சார்பைக் காட்டுகின்றது எனலாம். திருட்டுப் பொருள் கைமாறிற்றேயன்றி உரியவரை அடையவில்லை.

கதைக்குள் நிகழ்ந்தது கதைக்கும் நிகழ்ந்தது. அலெப்போ நகரத்து ஹன்னா தியாப் என்னும் இளைஞர் 1709 இல் பாரிஸ் நகரில் அந்துவான் கலான் என்ற பிரெஞ்சு அறிஞருக்கு வாய்மொழியாகச் சொன்ன கதை இது. கலானுக்கு முற்பட்ட அரபுச் சுவடி எதிலும் இது காணப்படவில்லை. கலானின் நாட்குறிப்பில் ஹன்னாவின் பெயர் உண்டு. அவர் மறைவின் பின் 1717 இல் வெளிவந்த நூலில் அப்பெயர் இல்லை. ஹன்னா தம் முதுமையில் எழுதிய பயண நினைவுகள் வத்திக்கான் நூலகத்தில் நெடுங்காலம் கவனிப்பாரற்றுக் கிடந்து, 2015 இலேயே பிரெஞ்சு மொழியில் நூலுருப் பெற்றன. கதை சொன்னவருக்குரிய இடம் கிடைக்க ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள் சென்றன.

இன்னுமொன்று. நாட்குறிப்பில் கலான் இக்கதைக்கு மார்ஜியானாவின் சாதுரியங்கள் என்றே தலைப்பிட்டார். அச்சேறியபோது தலைப்பில் அலிபாபா முன்வந்தான். திருடரை அழித்த 'ஓர் அடிமைப் பெண்' பெயரிழந்து கடைசியில் நின்றாள். உலகம் வழங்கும் தலைப்பிலோ அவளும் இல்லை. 1956 இல் மொடேர்ன் தியேட்டர்ஸ் தமிழில் எடுத்த படத்தில் எம். ஜி. இராமச்சந்திரன் அலிபாபாவாகவும் பானுமதி மார்ஜியானாவாகவும் நடித்தனர். எம்மவரிற் பெரும்பாலோர் அறிந்த அலிபாபா அந்தக் கதாநாயகனே.

மாயக் கதைகளை வெறுத்தொதுக்குவது விமர்சனமாகாது. அவற்றுள் உழைத்தவர் யார், பெயர் பெற்றவர் யார் என்று வினவுவதே விமர்சகன் கடன். எமது மாணவி வினவத் தொடங்கிவிட்டாள். நாமும் வினவுவோம்.