சென்யோர் வென்செஸ்: கையில் வரைந்த முகம்

அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் 1948 முதல் 1971 வரை ஞாயிறு இரவுகளில் ஒளிபரப்பான எட் சல்லிவன் நிகழ்ச்சி, இன்று பீட்டில்ஸ் இசைக்குழு தோன்றிய மேடையாகவே பெரிதும் நினைவுகூரப்படுகிறது. அதே மேடையில் தட்டுச் சுழற்றியவர்களும் வித்தை காட்டியவர்களும் பாட்டுகளுக்கு நடுவே நேரத்தை நிரப்ப வந்தவர்கள் என்பது பொதுவான கருத்து. இக்கருத்து தவறு என்பதற்கு ஸ்பெயினில் பிறந்த சென்யோர் வென்செஸ் (1896–1999) சிறந்த சான்று.

உதட்டை அசைக்காமல் பொம்மையைப் பேசவைப்பது இவரது கலை. பிறர் பொம்மையை ஆயத்தமாகக் கொண்டுவருவர். இவரோ அனைவரும் பார்க்க இடக்கையை முட்டியாக மடக்கி, உதட்டுச்சாயத்தால் அதில் வாய் வரைவார். கண்ணும் பொய்முடியும் வைத்து, தலையில்லாத ஒரு பொம்மை உடலின்மேல் பொருத்துவார். அதுவே ஜானி என்னும் சிறுவன். மறைப்பதற்கு எதுவும் இல்லை. ஆயினும் ஜானி கீச்சுக்குரலில் எதிர்த்துப் பேசத் தொடங்கியதும் கை மறைந்து சிறுவனே தெரிகிறான்! அரங்கின் கடைசி வரிசைக்கு எட்டாத இந்தச் சிறிய வாயை, தொலைக்காட்சியின் அண்மைக் காட்சி வீட்டுக்குள் கொண்டுவந்தது.

மற்றொரு பாத்திரமான பெட்ரோ, பெட்டிக்குள் இருக்கும் தலை மட்டுமே. 1936இல் நேர்ந்த ரயில் விபத்தில் முழுப் பொம்மை சிதைந்தபோது மிஞ்சிய தலையிலிருந்து உருவான யோசனை இது. பெட்டியைத் திறந்து நலம் கேட்பார், கரகரத்த குரலில் சுருக்கமான பதில் வரும், மூடிவிடுவார். அவ்வளவுதான்.

நாடக அரங்குகளில் ஊர் ஊராகப் பல ஆண்டுகள் காட்டக்கூடிய ஒரு வித்தையைத் தொலைக்காட்சி ஒரே இரவில் நாடு முழுவதற்கும் காட்டிவிடும். வியப்பை மட்டும் நம்பிய வித்தை அடுத்த முறை பாதி வலுவிழக்கும். தட்டு விழாது என்பது தெரிந்துவிடுகிறதே! பெட்ரோவின் பதிலும் எல்லாருக்கும் தெரிந்ததுதான். எனினும் அதற்காகவே காத்திருந்தார்கள். அங்கே இருந்தது வித்தையைவிடப் பாத்திரம்.

குறையும் உண்டு. சிரிப்பின் ஒரு பகுதி அவரது ஸ்பானிய உச்சரிப்பைச் சார்ந்தது. இன்று அது சற்று உறுத்துகிறது.  

1980இல் மப்பட் ஷோவுக்கு விருந்தினராக வந்தபோது வென்செசுக்கு வயது எண்பதைத் தாண்டியிருந்தது. அப்போதும் ஜானி உடன் வந்தான்.