உலையும் உரையும்

தொழிலாளரைத் திரையிற் காட்டுதல் வேறு. அவரைப் பேசவிடுதல் வேறு. பிளாகர்ட்டியும் கிரீர்சனும் ஆக்கி 1933இல் வெளிவந்த 'இண்டஸ்ட்ரியல் பிரிட்டன்' எஃகுத் தொழிலாளரையும் கண்ணாடி ஊதுவோரையும் அண்மையிற் காட்டிற்று. ஆயின் உரையாளர் குரலையே கேட்பித்தது. 1935இல் வந்த 'ஹவுசிங் பிராப்ளம்ஸ்' படத்திலோ இலண்டன் சேரிமக்கள் தாமே பேசினர். பின்னதன் நெறியே தமிழாய்வுக்குப் பயன்படும் என்பது எம் கருத்து.

1830 அளவில் ஹீத் பரங்கிப்பேட்டையில் நிறுவிய இரும்பாலை, திரைப்படம் தோன்றுமுன்னரே மறைந்தது. ஆண்டு உழைத்தோர் குரலை இனிக் கேட்டற்கில்லை. இரும்புக் கனிமமுடைய கவுத்திமலை அமைந்த திருவண்ணாமலை மாவட்டத்தில், கீழ்பென்னாத்தூர் போன்ற ஊர்களின் கொல்லரைப் படமெடுப்போர் இதனை மறத்தலாகாது. துருத்தி, குறடு, சம்மட்டி ஆகியவற்றைக் கண் காணும். அவற்றின் வழக்குச்சொற்களோ தொழில்செய்வார் நாவிலேயே வாழ்வன. காட்சி ஒன்றனையே போற்றும் படம் கையைக் காத்து மொழியை இழக்கும்.