சொல்லுக்குப் பொறுப்பு

அமெரிக்காவின் ‘மீட் த பிரஸ்’ 1945-ல் வானொலியில் பிறந்து, 1947 நவம்பரில் டெலிவிஷனுக்கு வந்த வாராந்தர நிகழ்ச்சி. மார்த்தா ரவுண்ட்ரீயும் லாரன்ஸ் ஸ்பிவாக்கும் வகுத்த முறை எளியது: அரசியல்வாதி ஒருவர், அவரைக் கேள்வி கேட்க நிருபர்கள் சிலர்.

ஆல்ஜர் ஹிஸ் ஒரு கம்யூனிஸ்டு என்று 1948-ல் காங்கிரஸ் குழுவின் முன் விட்டேக்கர் சேம்பர்ஸ் சொன்னார். அங்கே சொன்னதற்குச் சட்டத்தின் காப்பு உண்டு. வெளியே சொல்லிப் பார்க்கட்டும் என்றார் ஹிஸ். அந்த ஆகஸ்டில் இந்நிகழ்ச்சியின் வானொலி ஒலிபரப்பில் சேம்பர்ஸ் அதையே சொன்னார். ஹிஸ் அவதூறு வழக்குப் போட்டார். சொன்ன சொல்லுக்கு ஒருவரைப் பொறுப்பாக்குவதுதான் பேட்டியின் வேலை என்று நான் கருதுவது இதனால்தான்.

1991 முதல் 2008 வரை நிகழ்ச்சியை நடத்திய டிம் ரஸ்ஸர்ட், விருந்தாளியின் பழைய பேச்சையே எடுத்து அவர் முன் வைப்பார். நல்ல உத்திதான். ஆனால் அவர் காலத்தில் நிருபர் குழு பின்னுக்குப் போயிற்று. கேள்விகள் பெரும்பாலும் ஒருவர் கைக்கு வந்தன. பல பேருடைய மனப்போக்கை முன்கூட்டி அறிவது கடினம். ஒருவரின் பாணியைப் பாடம் செய்துகொண்டு வருவது சுலபம். நாவலில் ஆசிரியரே ஓயாமல் முன்னால் வந்து நின்றால் பாத்திரங்கள் வாய் திறப்பதில்லை. இங்கேயும் கேட்பவரின் புகழ் வளர்ந்த அளவுக்குப் பதில்கள் வளரவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.