கட்டறுந்த இசையா, கட்டமைந்த இசையா?

இசைத்தட்டு ஒன்று, கேட்டவர் இருவர். ஒருவர் அதற்கு ஐந்து விண்மீன் அளித்தார். மற்றவர் ஒன்றேனும் அளிக்க மறுத்தார். அமெரிக்காவின் 'டவுன் பீட்' இதழ் 1962 ஜனவரியில் இவ்விரு மதிப்புரைகளையும் ஒருங்கே வெளியிட்டது. ஐந்து தந்தவர் பீட் வெல்டிங். ஒன்றும் தராதவர் ஜான் டைனன். இருவரும் ஜாஸ் இசையை அறியாதவர் அல்லர். ஆயின், இத்துணை வேற்றுமை எவ்வாறு நேர்ந்தது?

அத்தட்டு, சாக்சபோன் கலைஞர் ஆர்னெட் கோல்மன் (1930-2015) தலைமையில் 1960 டிசம்பர் 21ஆம் நாள் நியூயார்க்கில் பதிவான 'ஃப்ரீ ஜாஸ்' என்பதாகும். 'கட்டற்ற ஜாஸ்' என்பது அதன் பொருள். பின்னர் ஓர் இசைவகைக்கே அது பெயராயிற்று.

அதுகாறும் ஜாஸ் கலைஞர் பலர்க்கும் வேலி ஒன்று இருந்தது. பாட்டின் அடியில் சுர அடுக்குகள் வரிசை பிறழாது சுழன்று வரும். அச்சுழற்சியின்மேல் அவர்கள் தம் கற்பனையை விரிப்பர். கோல்மன் அவ்வேலியை நீக்கினார். வேலி போனால் பயிரும் போகும் என அஞ்சினோர் பலர்.

பயிர் போயிற்றா? கேட்டுப் பார்ப்போம். நால்வர் குழு இரண்டு, ஒன்று இடப்பக்க ஒலிபெருக்கியிலும் மற்றொன்று வலப்பக்கத்திலும் நின்று, ஏறத்தாழ 37 நிமிடம் இடைவிடாது இசைக்கின்றன. எண்மரும் ஒரே வேளையில் மனம்போனபடி முழங்கவில்லை. எரிக் டால்ஃபி முதலாக ஒவ்வொருவர்க்கும் முறை உண்டு. ஒருவர் முன்னிற்க, ஏனையோர் இடையிடையே மறுமொழி தருகின்றனர். ஒருவர் முறை முடிந்து அடுத்தவர் தொடங்குமுன், முன்னரே வகுத்த சிறு பகுதியொன்றைக் குழலோர் ஒருங்கே ஊதுகின்றனர். தாளமும் ஓயாது ஓடுகின்றது. இதனை ஒழுங்கின்மை என்பது எங்ஙனம் பொருந்தும்?

எனினும், குறையே இல்லை என்பதும் நடுநிலையாகாது. கோல்மனின் ஏறத்தாழப் பத்து நிமிடப் பகுதியில் அவர் தொடங்கும் இனிய சொற்றொடர் சில, துணைக்குழல்களின் ஆரவாரத்தில் அமிழ்ந்துபோகின்றன. இறுதியில் வரும் முழவுப் பகுதிகளில் விறுவிறுப்பும் தளர்கின்றது.

ஆனால் அவற்றிற்குச் சற்று முன்னர், சார்லி ஹேடனும் ஸ்காட் லஃபேரோவும் தம் பெருநரம்புக் கருவிகளால் உரையாடும் இடம் ஒன்று உண்டு. ஒருவர் ஆழத்தில் ஊன்றி நிற்கிறார். மற்றவர் மேலே துள்ளித் திரிகிறார். ஒருவரை ஒருவர் கேளாதவர் இவ்வாறு இசைத்தல் இயலாது. பதிவு முடிந்து ஏழு மாதம் நிறையுமுன், 1961 ஜூலையில், லஃபேரோ தம் 25ஆம் வயதில் கார் விபத்தில் மறைந்தார் என்பதை நினைக்குங்கால் அப்பகுதி நெஞ்சை மேலும் உருக்குகின்றது.

ஆகவே, என் கணிப்பு ஐந்துமன்று, வெறுமையுமன்று. பழைய அளவுகோலால் அளந்து, அளவில் அடங்காததனைப் பிழை என்பது திறனாய்வாகாது. புதியது என்பதனாலேயே தலைமேல் தூக்குவதும் திறனாய்வாகாது. ஒரு படைப்பு தனக்கென வகுத்துக்கொண்ட நெறி யாது, அந்நெறியில் அது எவ்வளவு தூரம் சென்றது என்று கேட்டலே முறை. மாணவன் இலக்கணம் மீறி எழுதிய புதுக்கவிதையைக் கையில் ஏந்தும் ஆசிரியர்க்கும் இக்கேள்வி உரியதே. சிவப்பு மையை எடுக்குமுன் ஒருமுறை வாய்விட்டுப் படித்துப் பார்க்கட்டும்.