வாக்கு பொய்க்காத உலகம்: ‘வீல் ஆஃப் டைம்’ தீர்க்கதரிசினிகளின் மரபுகள்

ராபர்ட் ஜோர்டானின் ‘தி வீல் ஆஃப் டைம்’ நாவல் வரிசையில் வருங்காலம் அறிந்தவர்களுக்குப் பஞ்சமில்லை. 1990-ல் முதல் நூல் வந்தது. 2007-ல் ஜோர்டான் மறைந்தார். பிராண்டன் சாண்டர்சன் மீதியை எழுதி 2013-ல் 14-ஆம் நூலோடு முடித்துவைத்தார். ஜோர்டான் இயற்பியல் படித்தவர், அமெரிக்கக் கடற்படையில் அணுசக்திப் பொறியாளராக இருந்தவர். அதனால்தானோ என்னவோ, குறி சொல்வதற்குக்கூட அவர் உலகில் கறாரான விதி ஒன்று இருக்கிறது. வந்த வாக்கு பொய்க்காது. தவறுவதெல்லாம் அதற்குப் பொருள் சொன்னவரின் புத்திதான். ஆகவே இங்கே ஒரு மரபை எடைபோட, அது எவ்வளவு தூரம் பார்க்கிறது என்று கேட்டுப் பயனில்லை. புரியாததை வைத்துக்கொண்டு அது என்ன செய்கிறது என்றுதான் கேட்க வேண்டும்.

பெயரும் பெருமையும் மாயசக்தியைக் கையாளும் ஏஸ் செடாய் பெண்களுக்கே. டார் வலோன் தீவின் வெள்ளைக் கோபுரத்தில் வெள்ளுடைப் பயிலுநராகச் சேரும் பெண், மூன்று வளைவுகளுக்குள் புகுந்து தன் அச்சங்களை மூன்று முறை எதிர்கொண்டு மீண்டால் அடுத்த படிக்கு ஏறலாம். பிறகு, எத்தனை இடையூறு வந்தாலும் முகம் மாறாமல், சொன்ன வரிசையில் 100 சக்திப் பின்னல்களைச் செய்து காட்ட வேண்டும். தேறினால் சால்வை. நீலம், சிவப்பு, பச்சை என்று ஏழு நிறப் பிரிவுகளில் ஒன்றைத் தேர்ந்துகொள்ளலாம். பார்க்கக் கம்பீரமான ஏற்பாடு. ஆனால் இந்தச் சோதனைகளில் எதுவும் வாக்கை வாசிக்கத் தெரியுமா என்று கேட்பதில்லை. கோபுரத்துக்குள் யார் பெரியவர் என்பதை முடிவு செய்வது சக்தியின் பலம். அருள்வாக்கோ மிகச் சிலருக்கே, அவர்கள் கேட்காமலே, ஆவேசம் போல வருகிறது. கடைசிப் போரில் உலகைக் காக்க வேண்டிய டிராகன் என்ற பழைய வீரன் மறுபடி பிறந்துவிட்டான் என்று அறிவித்த கையோடு கிதாரா மொரோசோ உயிரை விட்டாள். அருகில் நின்று கேட்ட இரண்டு இளம்பெண்கள் தங்கள் வாழ்நாளையே அந்தச் சில வாக்கியங்களுக்குக் கொடுத்தார்கள்.

இன்னொரு ஏஸ் செடாயான எலெய்டாவின் கதை இதைவிடப் பாடம் நிறைந்தது. பயிற்சிக் காலத்திலேயே அவளுக்கு ஒரு வாக்கு வந்தது: கடைசிப் போரின் வெற்றி ஆண்டோர் நாட்டு அரச வம்சத்திடம் இருக்கிறது. அவள் அதை யாரிடமும் சொல்லவில்லை. அரியணை ஏறவிருந்த மோர்கேஸைப் பிடித்துக்கொண்டு ஆண்டுக்கணக்கில் அரண்மனையில் ஆலோசகராக இருந்தாள். முந்தைய ஆளும் குடும்பத்து இளவரசி டிக்ரேன் காணாமல் போனவள். அவள் பெற்ற பிள்ளைதான், மறுபடி பிறந்த டிராகனான கதாநாயகன் ராண்ட். அந்தப் பையன் முதல் நூலிலேயே எலெய்டாவின் எதிரில் வந்து நிற்கிறான். அவனைப் பார்த்ததும் அவளுக்கு இன்னொரு வாக்கும் வருகிறது. அப்போதும் இரண்டையும் சேர்த்துப் பார்க்க அவளுக்குத் தோன்றவில்லை. இதை வெறும் அகந்தை என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. பொய் சொல்லமாட்டோம் என்று சத்தியம் செய்து, மெய்யையே வளைத்துப் பேசப் பழகிய கூட்டம் அது. வாக்கைச் சபையில் வைத்துப் பலர் கூடிப் பொருள் தேடும் வழக்கம் அங்கே எப்படி வளரும்?

பாலைநிலத்து ஐயீல் மக்களின் ஞானப் பெண்டிரிடம் நிலைமை வேறு. அவர்களில் சக்தியைக் கையாளத் தெரியாதவர்களும் உண்டு. கனவுலகில் நடமாடுவதில் புகழ்பெற்ற பேர் என்ற மூதாட்டியே அப்படிப்பட்டவள்தான். மாணவியாக வேண்டுமானால் ருயிடியன் நகருக்குப் போய் வளையங்களைக் கடக்க வேண்டும். தனக்கு நேரக்கூடிய வாழ்க்கைகள் அத்தனையும் கண்முன் விரியும். வெளியே வந்ததும் பெரும்பாலானவை மறந்துபோகும். பயிற்சி முடிந்தபின் மறுபடி போய்க் கண்ணாடித் தூண்களுக்கிடையே நடந்தால், தன் இனத்தின் பழைய வெட்கத்தைப் பார்க்கலாம். முதலில் எதிர்காலம், பிறகு கடந்தகாலம் என்ற இந்த வரிசையை ஜோர்டானின் நுட்பமான யோசனைகளில் ஒன்றாக மதிக்கிறேன். நடுவில் கல்லை இங்கிருந்து அங்கே சுமப்பது போன்ற பயனற்ற வேலைகள் வேறு. கோபுரத்தில் 400 ஆண்டுகளுக்கு மேல் கனவில் வருங்காலம் காண்பவள் ஒருத்திகூட இல்லாததால், அந்த ஆற்றல் வாய்த்த கோபுரத்து மாணவி எக்வீன் இவர்களிடம்தான் கற்க வேண்டியிருந்தது. தன்னை முழு ஏஸ் செடாய் என்று சொல்லிப் பொய் பேசியதற்கு அவர்கள் கையால் அடியும் வாங்கினாள்.

டிராகனைப் பற்றி ஏட்டில் உள்ள தீர்க்கதரிசனங்களின் கதி இன்னும் மோசம். கடலுக்கு அப்பாலிருந்து வந்த ஷோன்சான் மக்களின் பிரதியில், டிராகன் தங்கள் அரியணை முன் மண்டியிட வேண்டும் என்று ஒரு பாடம் இருக்கிறது. மற்ற நாட்டுப் பிரதிகளில் அது கிடையாது. இந்த ஒரு பாடபேதத்தை வைத்துக்கொண்டு டிராகனையே பணியச் சொல்கிறார்கள்.

எந்தப் பள்ளியும் பயிற்றுவிக்காதவள் மின். கால்சட்டை அணிந்து, குதிரை லாயத்தில் வேலை செய்த பெண். மனிதர்களைச் சுற்றி உருவங்களும் ஒளியும் அவளுக்குத் தெரியும். சிலவற்றின் பொருள் தானாகவே விளங்கும். விளங்கியது நடந்தே தீரும். விளங்காததைக் கேட்டால் தெரியாது என்பாள். வெள்ளைக் கோபுரத்துச் சால்வைக்காரிகள் வாயில் அந்தச் சொல் எளிதில் வருவதில்லை. கடைசி நூலில் ஷோன்சான் பேரரசி அவளுக்குக் கேடு காண்பவள் என்ற பட்டம் கொடுத்து, பட்டுடை உடுத்தி, தன் பக்கத்தில் நிறுத்திக்கொள்கிறாள். பட்டத்தைவிட அந்த உடைதான் மின்னுக்குப் பெரிய தொல்லையாக இருக்கிறது.