காலனும் காலயந்திரமும்

காலத்தில் கை வைத்து விபரீதத்தைத் தேடிக்கொள்ளும் கதை தமிழ்ப் படங்களுக்கு வேண்டுமானால் புதிதாக இருக்கலாம். தமிழ்நாட்டுக்கு அது மிகப் பழைய கதை. சிதம்பரத்துக்குத் தெற்கே திருக்கடையூரில் இன்றும் அது வழிபாடாக நடந்து வருகிறது. 16 வயதில் முடிய வேண்டிய மார்க்கண்டேயனின் ஆயுளுக்காகச் சிவபெருமான் காலனையே காலால் உதைத்து வீழ்த்தினார். சஷ்டியப்த பூர்த்திக்கு அங்கே போகிறவர்களெல்லாம் கதையின் இந்தப் பாதியைக் கேட்டு மகிழ்ந்து திரும்பிவிடுகிறார்கள்.

எனக்கு மறு பாதிதான் முக்கியம். காலன் விழுந்ததும் உலகில் சாவு நின்றுபோயிற்று, பிறப்பு நிற்கவில்லை. பாரம் தாங்க முடியாமல் பூமாதேவி முறையிட்டாள். காலனை மறுபடி எழுப்பி, அவன் வேலையை அவனிடமே ஒப்படைக்க வேண்டியதாயிற்று. இந்தக் கதையில் யாரும் தீயவர் இல்லை என்பதைக் கவனியுங்கள். பக்தன் நல்லவன், தெய்வம் கருணை வடிவம், காலனோ தன் கடமையைச் செய்ய வந்தவன். ஒரு பையனிடம் காட்டிய கருணையே உலகத்துக்குப் பாரமாக முடிகிறது. காலத்தைக் கலைக்கும் கதை எதுவானாலும் நான் இந்த உரைகல்லில்தான் உரைத்துப் பார்க்கிறேன்.

2015இல் வெளிவந்த ‘இன்று நேற்று நாளை’ ரவிக்குமார் இயக்கிய படம். அதில் இரண்டு வாலிபர்களுக்கு எதிர்காலத்திலிருந்து வந்த காலயந்திரம் ஒன்று கிடைக்கிறது. கிடைத்தற்கரிய அந்தச் சாதனத்தை வைத்துக்கொண்டு அவர்கள் செய்வதென்ன? ஜோசியக் கடை வைக்கிறார்கள்! காணாமற்போன பொருள் எங்கே என்று, பழைய நாளுக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்து சொல்லிக் காசு பண்ணுகிறார்கள். இந்தக் கற்பனையை நான் மனமாரப் பாராட்டுகிறேன். நம்மவர் கையில் காலயந்திரம் கிடைத்தால் நிச்சயம் இதுதான் நடக்கும். இங்கிலீஷ் கதைகளின் வாடையே இல்லாத அசல் சரக்கு இது.

ஆனால் விபரீதம் வரும் இடத்தில் படம் சறுக்கிவிடுகிறது. கடந்த காலத்தில் இவர்கள் குறுக்கிட்டதால், போலீஸ் துப்பாக்கிக்கு இரையாகியிருக்க வேண்டிய ரௌடி ஒருவன் பிழைத்துக்கொள்கிறான். அதன் பிறகு காலம் என்ற பெரிய விஷயம் மறைந்து, கதாநாயகனும் வில்லனும் துரத்திப் பிடிக்கும் பழைய விளையாட்டு தொடங்கிவிடுகிறது. வில்லன் ஒழிந்தால் கணக்கு நேராகிவிடும். பூமாதேவியின் முறையீட்டுக்கு அங்கே இடமே இல்லை. இவர்களுடைய கைவரிசையால் கெட்டவன் பிழைத்தான். நல்லவன் ஒருவன் பிழைத்து, அதனால் வேறொருவன் குடி கெட்டிருந்தால் என்ன செய்திருப்பார்கள்? படம் இந்தக் கேள்வியின் வாசல் வரை வந்து, உள்ளே நுழையாமல் திரும்பிவிடுகிறது.

அடுத்த ஆண்டு வந்த ‘24’ படத்தில் யந்திரம் கைக்கடிகாரமாகச் சுருங்கியது. கதாநாயகனுக்கு அது பெரும்பாலும் சிலேட்டுத் துடைக்கும் ஈரத்துணியாகவே பயன்படுகிறது. 2021இல் வந்த ‘மாநாடு’ மேலானது. ஒரே நாள் திரும்பத் திரும்ப வருகிறது. கொலையையும் கலவரத்தையும் தடுக்க வேண்டும். ஒவ்வொரு முறை திருத்துவதற்கும் கதாநாயகன் ஒரு முறை செத்தாக வேண்டும். விளையாட்டுப் போலத் தோன்றினாலும், திருத்தத்துக்கு விலை உண்டு என்று அந்தப் படத்துக்குத் தெரிந்திருக்கிறது.

அமெரிக்க எழுத்தாளர் ரே பிராட்பரி 1952இலேயே இந்த விலையைப் பற்றி ஒரு சிறுகதை எழுதினார். பூர்வகால ராட்சத மிருகத்தை வேட்டையாடப் போனவன், பயத்தில் பாதையை விட்டு விலகி ஒரு வண்ணத்துப்பூச்சியை மிதித்துவிடுகிறான். திரும்பி வந்தால் எழுத்துக்கூட்டு மாறியிருக்கிறது. தேர்தலில் ஜெயித்தவர் மாறியிருக்கிறார். அங்கே வில்லனே இல்லை. ஒரு பூச்சி செத்தது, அவ்வளவுதான்.

நம் மண்ணில் இப்படி ஒரு கதை பிறக்குமா என்று கேட்பவர்களுக்கு, கம்மாபுரத்தில் ஒரு பெரியவர் என்னிடம் சொன்னதைச் சொல்கிறேன். நெய்வேலிச் சுரங்கத்துக்கு நிலம் கொடுத்த குடும்பம் அவருடையது. காலயந்திரப் படத்தின் கதையை நான் சொல்லக் கேட்டுக்கொண்டிருந்தவர், “அந்த மிஷினு எனக்குக் கெடச்சா, ஜம்புலிங்க முதலியார் கெணறு தோண்டுன அன்னிக்கே போயித் தடுத்துடுவேன் தம்பி. எங்க நெலம் எங்ககிட்டயே இருந்திருக்கும்” என்றார். 1930களில் அந்தக் கிணற்றில் வெளிப்பட்ட பழுப்புப் பொருள்தான் 1956இல் நிலக்கரிக் கழகமாகி, 1962இல் மின்சாரமாயிற்று. சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு அவரே தொடர்ந்தார்: “அப்பறம் எம் பேரன் எங்க போவான்? அவனும் அங்கதான காண்ட்ராக்டுல வேல பாக்குறான்.”

இரண்டே வாக்கியங்களில் ஒரு முழு நாவல்! அந்தக் கிணற்றை மூடினால் ஊர்கள் பிழைக்கும், விளக்குகள் அணையும். மூடாவிட்டால் விளக்கு எரியும். ஊர் இருந்த இடத்தில் பள்ளம் இருக்கும். யாரைச் சுட்டுத் தள்ளி இந்தக் கணக்கை நேராக்குவது?

காலயந்திரக் கதை எழுதுகிறவர்களுக்கு விஞ்ஞானம் கொஞ்சம் குறைந்தால் பாதகமில்லை. யந்திரம் எப்படி ஓடுகிறது என்று நான் கேட்கப் போவதில்லை. ஆசைப்பட்டுத் திருத்திய ஒருவனுக்காக அவன் அறியாத யாரோ சுமக்கப்போகும் பாரத்தை எனக்குக் காட்ட வேண்டும். அதைக் காட்டாத கதையில் கடிகார முள் எத்தனை முறை பின்னால் சுழன்றாலும், காலம் ஒரு விநாடிகூட அசைந்ததாக நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.