ஒப்பந்தமும் ஒப்பமிடாதோரும்: லுக்கியானென்கோவின் ‘இரவுக் காவல்’ நாவல்கள் குறித்து

மிகைகற்பனைக் கதைகளை யதார்த்தத்திலிருந்து தப்பியோடும் எழுத்தென ஒதுக்கிவிடும் வழக்கம் முற்போக்குத் திறனாய்வாளரிடையே நெடுங்காலமாக இருந்து வந்துள்ளது. ஆயின் ஒரு சமூகம் தன் அச்சங்களை நேர்முகமாகக் கூறவியலாத வேளைகளில் மாயக் கதையின் வாயிலாக அவற்றைக் கூற முற்படுவதுமுண்டு. சோவியத் ஒன்றியம் 1991 இல் கலைந்து ஏழாண்டுகளின் பின் வெளிவந்த செர்கேய் லுக்கியானென்கோவின் ‘இரவுக் காவல்’ (1998) என்னும் ருஷ்ய நாவலும் அதன் தொடர்ச்சிகளும் இவ்வகையில் நமது கவனத்துக்குரியன. 2004 இல் திரைப்படமாகிப் பெருந்தொகையினரைச் சென்றடைந்த இக்கதையின் மையத்தில் நிற்பது ஓர் ஒப்பந்தமாகும்.

மனிதரிடையே மாய ஆற்றல் வாய்க்கப்பெற்ற ‘வேறானோர்’ வாழ்கின்றனர். அவர்கள் ஒளித் தரப்பினரென்றும் இருள் தரப்பினரென்றும் பிரிந்துள்ளனர். இரு தரப்பும் தொடர்ந்து மோதின் அனைத்தும் அழியுமென்ற அச்சத்திற் பிறந்ததே அவ்வொப்பந்தம். இருளோரின் செயல்களை ஒளித் தரப்பின் இரவுக் காவலும், ஒளியோரின் செயல்களை இருள் தரப்பின் பகற் காவலும் கண்காணிக்கின்றன. இரண்டுக்கும் மேலே விசாரணை மன்றம் அமர்ந்துள்ளது. மாயத் தலையீடுகள் ஏழு படிகளாக அளவிடப்படுகின்றன. ஒளியைச் சேர்ந்தவன் ஒரு நன்மையைச் செய்வானாயின், அதே படியைச் சேர்ந்த ஒரு தீமையைச் செய்யும் உரிமை இருளோருக்குக் கிட்டுகின்றது. நன்மையும் தீமையும் பண்டங்களைப்போல் ஒரே அளவுகோலால் நிறுக்கப்படுவதை இங்கு நாம் காண்கின்றோம்.

இதனைப் பனிப்போரின் உருவகமென வாசிப்பது எளிது, அவ்வாசிப்புப் பிழையானதுமன்று. எனினும் அத்துடன் நின்றுவிடின் நாவலின் கூர்மையான பகுதி தவறிப்போகும். இருளைச் சேர்ந்த இரத்தக்காட்டேரிகளுக்கு மனிதரை வேட்டையாட அனுமதிப்பத்திரம் வழங்கப்படுகின்றது. இரையாகவேண்டியவர் சீட்டுக் குலுக்கலில் தெரியப்படுகின்றார். இஃது ஒளித் தரப்பின் அறிவோடும் இசைவோடும் நிகழ்வதாகும். அனுமதியின்றி வேட்டையாடுவதே குற்றம், வேட்டை குற்றமன்று. ஆக, சமாதானத்தின் விலையைச் செலுத்துவோர் அதில் ஒப்பமிட்ட எவருமல்லர். அப்படியோர் ஒப்பந்தம் உண்டென்பதையே அறியாத மொஸ்கோ நகரத்துச் சாதாரண மக்களாவர்.

இவ்விடத்தில் வரலாற்றை நோக்குதல் பயன்தரும். ஐக்கிய அமெரிக்காவும் சோவியத் ஒன்றியமும் 1972 இல் செய்துகொண்ட ஏவுகணை எதிர்ப்புப் பாதுகாப்பு ஒப்பந்தம், ஒவ்வொரு நாடும் இரண்டு இடங்களில் மட்டுமே தற்காப்பு ஏவுகணைகளை நிறுவலாமென வரையறுத்தது. 1974 இல் அது ஓரிடமாகக் குறைக்கப்பட்டது. சோவியத் அரசு மொஸ்கோவைத் தெரிந்துகொண்டது. இரு நாடுகளின் ஏனைய நகரங்கள் காப்பின்றித் திறந்து கிடப்பதே போருக்குத் தடையாகுமென்பது அதன் உட்கிடை. இவ்வேற்பாடு போரைத் தடுக்க உதவவில்லையென்பது நமது வாதமன்று. அதன் ஈடாக வைக்கப்பட்டது மக்களின் உயிர் என்பதையும், அவ்வீட்டை வைப்பதற்கு முன் அவர்களை எவரும் கேட்கவில்லை என்பதையுமே நாம் வற்புறுத்துகின்றோம்.

தொடரின் மூன்றாம் நாவலான ‘அந்திக் காவல்’ இன்னுமோர் உண்மையை வெளிப்படுத்துகின்றது. மாய ஆற்றலைப் பிறப்பிப்போர் மனிதரே. வேறானோர் மனிதரிலும் குறைவாகவே அதனைப் பிறப்பித்து, சுற்றியுள்ளோரிடமிருந்து உறிஞ்சிக்கொள்கின்றனர். எவன் மிகக் குறைவாகப் பிறப்பிக்கின்றானோ அவனே மிக வல்லவன். உழைப்பவனின் உபரியை உறிஞ்சி வாழும் மூலதனத்தை 1867 இல் மார்க்ஸ் இரத்தக்காட்டேரிக்கு ஒப்பிட்டமை இங்கு நினைவுக்கு வருதல் இயல்பே. ஒளியும் இருளும் அறநிலையில் எதிரெதிரானவையாயினும் உற்பத்தி உறவில் ஒரே பக்கத்தில் நிற்கின்றன. அவ்வகையில் ஒப்பந்தமென்பது, உறிஞ்சும் உரிமையை இரு தரப்பினர் பங்கிட்டுக்கொள்ளும் ஏற்பாடாகத் தோற்றமளிக்கின்றது.

இவ்வளவு தூரம் வந்த ஆசிரியர் அடுத்த அடியை எடுத்துவைக்கவில்லை. கதாநாயகன் அன்ரன் இவ்வுண்மையை அறிந்து மனம் கசக்கின்றான். பின்னரும் காவலனாகவே நீடிக்கின்றான். சமூக முரண்பாடு தனிமனிதனின் துயரமாகச் சுருங்கிவிடுகின்றது. முதல் நாவலின் இரண்டாம் கதையில், ஒப்பந்தத்தை அறியாமலேயே இருளோரைக் கொன்றுவரும் மக்சிம் என்பவன் இறுதியில் விசாரணை மன்றத்திலேயே சேர்த்துக்கொள்ளப்படுகின்றான். ஒழுங்கை மீறியவனையே அதன் நீதிபதியாக்கிச் செரித்துக்கொள்ளும் ஆற்றலை நாவல் நுண்மையாகக் காட்டுகின்றது. ஆனால் மனிதர் என்ன செய்யக்கூடும் என்ற வினா எங்கும் எழுவதில்லை. அவர்கள் காக்கப்படுவோராகவோ இரையாகவோ வருகின்றனர். வரலாற்றை ஆக்குவோராக வருவதில்லை. புரட்சியின் தோல்வியைக் கண்டு, மக்களின் செயலாற்றலிலேயே நம்பிக்கையிழந்த ஒரு தலைமுறையின் கருத்துநிலை இதுவெனக் கொள்ளலாம்.

இக்கருத்துநிலை கதைக்குள் மட்டும் அடங்குவதன்று. 1972 ஆம் ஆண்டு ஒப்பந்தத்திலிருந்து ஐக்கிய அமெரிக்கா 2002 இல் விலகியது. நடுத்தூர ஏவுகணைகளை ஒழித்த 1987 ஆம் ஆண்டு ஒப்பந்தம் 2019 இல் முடிவுற்றது. பழைய சமநிலைக்காக ஏங்கும் குரல்கள் எழுவது விளங்கிக்கொள்ளத்தக்கதே. ஆயினும், அச்சமநிலையைவிட வேறு சமாதானமே இல்லையென நம்மை நம்பவைப்பதுதான் ‘இரவுக் காவல்’ போன்ற படைப்புகளின் ஆபத்தான கவர்ச்சியாகும். 2017 இல் ஐக்கிய நாடுகள் சபையில் நிறைவேறி 2021 இல் நடைமுறைக்கு வந்த அணுவாயுதத் தடை ஒப்பந்தம், குண்டுவீச்சுக்கு ஆளாகி உயிர்தப்பிய ஜப்பானியரின் துன்பத்தைத் தன் முகவுரையிலேயே குறிப்பிடுகின்றது. அணுவாயுத வல்லரசுகளுள் ஒன்றேனும் அதில் சேரவில்லை. எனவே அதன் வலிமையை மிகைப்படுத்தல் தகாது. எனினும் ஆயுதம் வைத்திருப்போரின் கணக்குகளுக்குப் பதிலாக, அவ்வாயுதத்தால் சுடப்பட்டோரின் அனுபவத்திலிருந்து ஓர் ஒப்பந்தம் தொடங்கக்கூடும் என்பதை அது காட்டியுள்ளது. லுக்கியானென்கோவின் மொஸ்கோவில் எழுதப்படாதிருப்பது அத்தகைய ஒப்பந்தமே.